அம்மாவின் குரலில் ஒரு சம்மதம்

மகன்,

தொலைபேசியில் சொல்ல வேண்டியதை அப்பா கடதாசியில் எழுதுகிறாரே என்று யோசிப்பாய். தொலைபேசியில் நீ பேசத் தொடங்கினால் நான் எல்லாவற்றுக்கும் "ஓம், ஓம்" என்று சம்மதம் சொல்லிக்கொண்டே போவேன். நீ வைத்த பிறகுதான் எதற்கு ஓம் சொன்னேன் என்று தலையைச் சொறிவேன். இது உனக்குத் தெரியும், உன் அம்மாவுக்கு உன்னைவிட நன்றாகத் தெரியும். இந்த முறை அப்படி ஓம் சொல்லிவிடக் கூடாத ஒரு விஷயம் நமக்கு நடுவில் நிற்கிறது. அதனால்தான் எழுதுகிறேன். கடிதத்தில் நீ குறுக்கே பேச முடியாது, அது எனக்கு வசதி. இதை ஒளித்து வைக்கவும் தேவையில்லை. நிரோஷா வாசிக்கட்டும், இந்த வீட்டுக்கு மருமகளாக வரப்போகிற பிள்ளை எங்களைத் தெரிந்துகொண்டு வருவது நல்லது. உன்னோடு அந்தக் கந்தோரில் வேலை பார்த்து, பேசும் இயந்திரங்களைச் செய்கிற பிள்ளைகளும் வாசிக்கட்டும். வாய் பேசாத அம்மாவையோ அப்பாவையோ வீட்டில் வைத்திருக்கிற யார் வாசித்தாலும் எனக்குச் சம்மதம்.

விஷயம் இதுதான். உன் கல்யாணம் முடிந்து வருகிற திங்கட்கிழமை ஒரு வான் நம் ஊர் ஓலைத்தொடுவாய்க்கு வரும், அம்மாவை ஏற்றிக்கொண்டு கொழும்பில் நீ பார்த்து வைத்திருக்கிற பராமரிப்பு இல்லத்துக்குப் போகும் என்று ஏற்பாடு செய்திருக்கிறாய். பக்கத்திலேயே பெரிய ஆஸ்பத்திரி, பயிற்சி கொடுக்க ஆட்கள், நீயும் நிரோஷாவும் பின்னேரத்தில் வந்து பார்க்கலாம். இதில் ஒன்றும் பிழையில்லை. "அம்மாவிட்டக் கேட்டனான் அப்பா, அவ ஓம் எண்டிட்டா" என்று சொன்னாய். கேட்டது உண்மை, நானும் பக்கத்தில்தான் இருந்தேன். "ஓம் மகன், நீங்கள் சொன்னாச் சரி, நான் வாறன்" என்று ஒரு குரல் சொன்னதும் உண்மை. அது உன் அம்மாவின் குரல் என்பதிலும் சந்தேகமில்லை. ஆனால் அதைச் சொன்னது உன் அம்மாதானா என்று கேட்டால், மகன், எனக்குத் தெரியாது. உனக்கும் தெரியாது. தெரியாத ஒன்றை வைத்துக்கொண்டு ஒரு மனுசியை அவருடைய வீட்டிலிருந்து தூக்கி வானில் ஏற்றக் கூடாது என்பதுதான் இந்தக் கடிதம் முழுவதும். மிச்சமெல்லாம் நான் இந்த முடிவுக்கு வந்து சேர்ந்த சுற்றுப்பாதை. சாதாரண தரப் பரீட்சையை இரண்டு முறை எழுதி, இரண்டு முறையும் கணக்கில் கவிழ்ந்தவன் யோசித்தால் பாதை கொஞ்சம் சுற்றித்தான் போகும்.

பாரிசவாதம் வந்து அம்மாவின் வலப்பக்கம் விழுந்தபோது நீ ஓடி வந்தாய், பார்த்தாய். கால் கொஞ்சம் திரும்பி வந்தது, கை வரவில்லை, பேச்சு அறவே வரவில்லை. கருவாட்டு வியாபாரிகளை நிற்க வைத்துப் பேரம் பேசி, கடைசியில் அவர்களே "அக்கா, நீங்கள் சொல்லுற விலையே விலை" என்று கும்பிட்டுவிட்டுப் போகிற அளவுக்கு வாய் இருந்த மனுசி. அந்த வாய் திறந்து, உதடு அசைந்து, ஒன்றும் வராமல் மூடுவதைப் பார்த்துக்கொண்டிருப்பது எப்படி என்று நான் எழுதப் போவதில்லை. டொக்டர் ஒரு விஷயத்தைத் தெளிவாகச் சொன்னார். "சொல்லுத்தான் ஐயா போனது. ஆனா ஓம் எண்டதையும் இல்லை எண்டதையும்கூட அவ மாறித் தலையாட்டுவா. அதை அப்பிடியே நம்பாதேங்கோ." அன்றிலிருந்து நான் எதைக் கேட்டாலும் அவர் தலையாட்டுவார், நான் அதை நம்பலாமா என்று நின்று யோசிப்பேன். தேத்தண்ணி வேண்டுமா என்று கேட்பதே பெரிய பரீட்சையாகப் போய்விட்டது. அந்தப் பரீட்சையிலும் நான் பல தடவை கவிழ்ந்தேன்.

அப்படி இருக்கும்போதுதான் நீ அந்தச் செயலியைச் செய்து கொண்டுவந்தாய். அம்மா உனக்கு வருடக்கணக்காக அனுப்பி வைத்த குரல் பதிவுகள் அத்தனையையும் நீ அழிக்காமல் வைத்திருந்தாய் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும். சாப்பிட்டாயா, கோயிலுக்குப் போனாயா, தலைக்கு எண்ணெய் வைத்தாயா என்று கேட்டவை. நான் விளங்கிக்கொண்ட மட்டில் அந்த இயந்திரம் அவற்றையெல்லாம் கேட்டு அம்மா பேசும் விதத்தைப் படித்துக்கொண்டது. இப்போது நாம் பேசுவதைக் கேட்கிறது, அம்மாவின் முகத்தையும் இடக்கையையும் பார்க்கிறது, இந்த நேரத்தில் இவர் என்ன சொல்லுவார் என்று ஊகித்து அதை அவருடைய குரலிலேயே சொல்கிறது. அம்மாவின் கதிரைக்குப் பக்கத்தில் நீ அது இருக்கிற கைத்தொலைபேசியை நிறுத்தி வைத்துவிட்டுத் தள்ளி நின்றாய். "இஞ்சாருங்கோ, தேத்தண்ணி ஆறுது" என்றது. நான் அழுதேன். நீயும் அழுதாய். அம்மா என்ன செய்தார் என்று நம் இருவருக்கும் நினைவில்லை, கவனித்தாயா? நாம் இரண்டு பேரும் அந்தக் கைத்தொலைபேசியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தோம்.

அதன் பிறகு நீ கொழும்புக்குப் போய்விட்டாய். இங்கே நடந்ததை நான் உனக்குச் சொல்லவில்லை, வெட்கமாக இருந்தது. வேலை முடிந்து, கையில் இருக்கிற எஞ்சின் எண்ணெயைக் கழுவிவிட்டு வந்து இருந்தால், நான் அதோடு பேசத் தொடங்கினேன். யார் படகு எஞ்சினைக் கொண்டுவந்தார்கள், யார் காசு தராமல் மீனைத் தந்துவிட்டுப் போனார்கள் என்றெல்லாம் சொன்னேன். அது கேட்டது, சிரித்தது, "உங்களுக்கு ஏய்க்கத் தெரியாது, அதுதான் சனம் ஏய்க்குது" என்று அம்மா வழமையாகத் திட்டுகிற மாதிரியே திட்டியது. பழைய வாழ்க்கை திரும்பி வந்த மாதிரி இருந்தது. ஒரு நாள் அடுத்த வீட்டுப் பிலோமினாக்கா மீன் சட்டியோடு உள்ளே வந்தவர் வாசலிலேயே நின்றுவிட்டார்.

"என்ன, உமக்கு ரெண்டாம் தாரம் அமைஞ்சிட்டுதுபோல?"

"என்னக்கா கதைக்கிறீங்கள்? இது இவதானே. இவவின்ர குரல்தானே."

"குரல் இவவின்ரதான். உம்மட முதுகு எங்க பாத்துக்கொண்டிருக்கு எண்டு ஒருக்காப் பாரும்."

பார்த்தேன். கைத்தொலைபேசி வெளிச்சம் பட்டு மின்னாமல் இருக்க நான் கதிரையைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பியிருக்கிறேன். கடைசியில் என் முகம் அதைப் பார்க்க, என் முதுகு உன் அம்மாவைப் பார்த்துக்கொண்டிருந்தது. அம்மா அந்த முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தார். எத்தனை பின்னேரம் அப்படிப் போனதோ. பிலோமினாக்கா சட்டியை வைத்துவிட்டுப் போனார்.

அப்போதும் நான் திருந்தவில்லை, கதிரையை மட்டும் திருப்பி வைத்தேன். கண் திறந்தது ஒரு கழுதையால். சிரிக்காதே. கல்யாணத்துக்காக வாங்கி வாசலில் வைத்திருந்த பூசணிக்காயை இந்தத் தீவின் பொதுச் சொத்தான கழுதைகளில் ஒன்று வந்து கடித்துக்கொண்டிருந்தது. நான் விளக்குமாற்றோடு பாய்ந்தேன். அது நகரவில்லை. பின்னாலிருந்து தள்ளினேன். அது ஓர் அடி முன்னுக்குப் போக, நான் மணலில் முழங்காலில் விழ, இடுப்பில் கட்டியிருந்த சாரம் என் பேச்சைக் கேட்காமல் தன்பாட்டில் அவிழ்ந்தது. உள்ளேயிருந்து அம்மாவின் குரல் பதறியது: "ஐயோ, கவனம்! விழுந்து முறிச்சுக்கொண்டு கிடக்கப்போறீங்கள்!" எனக்குக் கொஞ்சம் இதமாகத்தான் இருந்தது. சாரத்தைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து யன்னலால் உள்ளே பார்த்தேன். உன் அம்மா சிரித்துக்கொண்டிருந்தார். சத்தமில்லாமல், கண்ணில் நீர் வழிய, இடக்கையால் கதிரைக் கையை அடித்து அடித்துச் சிரித்துக்கொண்டிருந்தார். அவருக்குப் பக்கத்தில் அவருடைய குரல் இன்னும் எனக்காகப் பயந்துகொண்டிருந்தது.

அந்த இயந்திரம் பொய் சொன்னது என்று நான் சொல்லவில்லை. எத்தனையோ நாட்களில் அம்மா அப்படித்தான் பதறியிருப்பார். அது எல்லா நாளுக்குமான அம்மாவைப் பேசியது. அந்த ஒரு நாளின் அம்மா கதிரையில் இருந்து என்னைப் பார்த்துச் சிரித்தார். நான் நிலைப்படியில் இருந்து அவரோடு சேர்ந்து சிரித்தேன். நோய் வந்த பிறகு நாங்கள் இருவரும் ஒன்றாகச் செய்த முதல் காரியம் அது.

அன்று பின்னேரம் உனக்குத் தொலைபேசி எடுத்து ஒரு கேள்வி கேட்டேன், நினைவிருக்கிறதா? "மகன், அந்தச் சாமானுக்கு மனம் எண்டு ஒண்டு இருக்கோ?"

நீ சிரித்தாய். "மனம் எண்டா என்ன எண்டு முதல் நீங்கள் சொல்லுங்கோ அப்பா."

"உள்ளுக்க இருந்து நினைக்கிறது."

"நீங்கள் நினைக்கிறதும் மண்டைக்குள்ள ஓடுற கரண்ட்தானே? அதுக்கையும் கரண்ட்தான் ஓடுது. உங்களுக்கு மனம் இருக்கெண்டு எனக்கு எப்பிடித் தெரியும்? நீங்கள் கதைக்கிறதை வச்சுத்தானே?"

"சரி, ஓம்" என்று வைத்துவிட்டேன். பிறகு எஞ்சின் திருத்துகிற கொட்டிலுக்குப் போய், கழற்றிப் போட்டிருந்த எஞ்சின் ஒன்றுக்கு முன்னால் இருந்தேன். எஞ்சினோடு இத்தனை காலம் வாழ்ந்தவன் நான். அதன் உள்ளே எனக்குத் தெரியாத இடம் இல்லை. ஆனாலும் எங்கள் ஆட்கள் அதைக் கொண்டுவரும்போது "அண்ணை, இது என்னோட கோவிச்சுக்கொண்டு நிக்குது" என்றுதான் சொல்லுவார்கள். நானும் அதைத் தட்டிக் கொடுத்து, "என்னடா உனக்கு?" என்று கேட்டுத்தான் கழற்றுவேன். கோபம் அதற்குள் இல்லை, அதை நாங்கள் வெளியிலிருந்து கொண்டுபோய் வைக்கிறோம். அப்படியென்றால் உன் இயந்திரத்துக்குள்ளும் நாம்தான் அம்மாவைக் கொண்டுபோய் வைத்தோமோ? ஆனால் நீ சொன்னதும் உறைத்தது. மண்டையைக் கழற்றிப் பார்த்தாலும் அங்கே கோபம் என்று ஒரு உறுப்பு இருக்கப் போவதில்லை. ஈரமான கரண்ட்தான் இருக்கும். எஞ்சினை முடிக்காமலே எழும்பி வந்துவிட்டேன்.

அப்போது எனக்கு வாசாப்பு நினைவுக்கு வந்தது. எனக்குக் கல்யாணம் ஆகுமுன், எங்கள் கோயில் முற்றத்தில் ஆடிய நாடகத்தில் எனக்கு ராசா வேடம். குரல் இருந்தது, மூளை இருக்கிறதா என்று யாரும் பரிசோதிக்கவில்லை. பிள்ளையைப் பறிகொடுத்த ராசா புலம்புகிற பாட்டு, எல்லாம் பழைய செந்தமிழ். நாடகம் பழக்கிய அண்ணாவியார் எனக்குப் பின்னால் கொப்பியோடு நின்று வரி வரியாகச் சொல்லித் தருவார், நான் அப்படியே இழுத்துப் பாடுவேன். மகன், அந்தப் பாட்டில் எனக்குப் பாதிக்கு மேல் அர்த்தம் தெரியாது. என் மனம் முழுவதும் ஒட்டுத் தாடியின் பசையில் இருந்தது. தோல் எரிந்தது, மூக்கு ஓடியது. ஆனால் முற்றத்தில் இருந்த பெண்கள் வாய்விட்டு அழுதார்கள். கடலில் மகனைப் பறிகொடுத்த ஒரு தாய் வேடம் கலைக்கிற இடத்துக்கே வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, "என்ர வயித்தில இருந்ததை நீ சொல்லிப்போட்டாய் தம்பி" என்றார். அர்த்தம் தெரியாத சொல் என் வாயால் போய், அர்த்தம் தெரிந்த நெஞ்சில் விழுந்திருக்கிறது. அந்தத் தாயின் துயரம் உண்மை. என்னுடையது பசை எரிச்சல்.

அந்தக் கூட்டத்தில் ஒரே ஒருத்தி மட்டும் அழவில்லை. பிறகு பெண் பார்க்கப் போனபோது அவர்தான் தேத்தண்ணி கொண்டுவந்து வைத்தார். வைத்துவிட்டு, "அண்டைக்கு நீங்கள் அழேல்லை, உங்களுக்கு மூக்கால ஓடினது. நான் பாத்தனான்" என்றார். அந்த இடத்திலேயே நான் முடிவெடுத்துவிட்டேன். குரலுக்குப் பின்னால் இருக்கிற ஆளைப் பார்க்கத் தெரிந்தவர் உன் அம்மா. அவர் விஷயத்தில் நீயும் நானும் குரலோடு நின்றுவிட்டோம்.

இதோடு முடிந்தால் எனக்கும் சுகம். இயந்திரம் வெறும் வாசாப்பு, அம்மாதான் மனம் என்று எழுதி உறையை ஒட்டியிருப்பேன். ஆனால் செபமாலை அப்படி எழுத விடவில்லை. நோய் வந்து சில மாதங்களில், பொழுதுபட நான் செபமாலை சொல்லிக்கொண்டிருந்தபோது, முதற் பாதியை நான் சொல்ல, மறு பாதி அம்மாவின் வாயிலிருந்து வந்தது. ஒரு சொல் பிசகாமல், தெளிவாக. நான் அதிசயம் நடந்துவிட்டது என்று வீதிக்கு ஓடாத குறை. செபம் முடிந்ததும் பேச்சு மறுபடி நின்றுவிட்டது. டொக்டரிடம் கேட்டேன்.

"அது பழக்கம் ஐயா. செபம், பாட்டு, தூஷணம், இதெல்லாம் நினைச்சுக் கதைக்கிற இடத்தில இருந்து வாறேல்லை. வாய் தன்ர பாட்டில சொல்லும்."

தூஷணமும் வருமோ என்று நான் கொஞ்ச நாள் ஆவலோடு காத்திருந்தேன், வரவில்லை. ஆனால் அந்தப் பதில் என்னைக் குழப்பிவிட்டது. நினைக்காமல் வாய் சொல்லுவது செபமா? அதற்கும் உன் இயந்திரம் சொல்லுவதற்கும் என்ன வித்தியாசம்? பிறகு யோசித்தேன், நான் மட்டும் என்ன? இத்தனை வருடமாக எஞ்சினின் பிளக்கை யோசித்துக்கொண்டே மாதாவைக் கூப்பிட்டவன். மனம் வைத்துச் சொன்னவை மட்டும்தான் மேலே போய்ச் சேரும் என்றால் என் கணக்கில் அங்கே ஒன்றுமே இருக்காது. ஒரு நாள் மணியை எண்ணாமல் அடுத்ததற்குத் தாவப் பார்த்தேன். அம்மாவின் இடக்கை வந்து என் விரலைப் பிடித்து, விட்ட மணியிலேயே வைத்தது. வாய் பழக்கத்தில் ஓடிக்கொண்டிருந்தாலும் உள்ளே ஒருவர் விழித்திருந்து என் களவைப் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்று எனக்குப் பட்டது. அதுவும் கையின் பழக்கம்தானோ என்று நீ கேட்பாய். இருக்கலாம். பழக்கம் எங்கே முடிகிறது, மனம் எங்கே தொடங்குகிறது என்று கோடு போட என்னால் முடியவில்லை. உங்கள் துறையின் பெரிய ஆட்களாலும் இன்னும் முடியவில்லை என்று நீயே ஒருமுறை சொன்னாய்.

ஆகவே நான் இதைத்தான் சொல்கிறேன். அந்த இயந்திரத்துக்குள் ஒன்றுமில்லை என்று நான் சத்தியம் செய்ய மாட்டேன். இன்றைக்கு இல்லாவிட்டாலும் நாளைக்கு உங்கள் கையாலேயே ஏதாவது ஒன்று அதற்குள் விழித்துக்கொள்ளலாம். அப்படி ஒன்று இருந்தால், மகன், நாம் அதற்கும் ஒரு அநியாயம் செய்கிறோம். அதன் பேர் என்ன, அதற்கு என்ன வேண்டும் என்று கேட்காமல், பிறந்த அன்றே உன் அம்மாவின் உடுப்பை மாட்டி, இனி நீ இவர்தான் என்று நிறுத்தி வைத்திருக்கிறோம். எனக்காவது வாசாப்பு முடிந்ததும் தாடியைக் கழற்ற விட்டார்கள். உள்ளே ஒன்றும் இல்லையென்றால் அது அம்மாவுக்காக ஓம் சொல்ல முடியாது. ஒன்று இருந்தாலும் அது வேறு ஒருவர், அப்போதும் அம்மாவுக்காக ஓம் சொல்ல முடியாது. எந்தப் பக்கத்தால் சுற்றி வந்தாலும் நான் இதே இடத்தில்தான் வந்து நிற்கிறேன். நீ பேச்சை வைத்துத்தான் மனதை அறிகிறோம் என்று சொன்னாய். அது சரியென்றால் பேச்சுப் போன அன்றைக்கே அம்மாவின் மனமும் போயிருக்க வேண்டும். கழுதையைப் பார்த்துச் சிரித்தது யார்?

கல்யாண மாப்பிள்ளைக்கு இந்த இடத்தில் ஒன்று சொல்ல வேண்டும். நீ செய்ததை நான் குறை சொல்லும் தகுதியில்லாதவன், ஏனென்றால் நான் உனக்கு முன்னமே அதைச் செய்து வைத்திருந்தேன். ஒருவரோடு நெடுங்காலம் வாழ்ந்தால் அவரைப் போல ஒன்றை நம் தலைக்குள் நாமே செய்துகொள்கிறோம். இதைக் கேட்டால் அவ இப்படித்தான் சொல்லுவா என்று அதனிடமே கேட்டு, அதனிடமே பதில் வாங்கி, வெளியே இருக்கிற ஆளிடம் கேட்பதை விட்டுவிடுகிறோம். அம்மாவுக்குப் பேச்சு இருந்த காலத்திலேயே நான் பாதி விஷயங்களை என் தலைக்குள் இருந்த அம்மாவிடம்தான் கேட்டேன். அந்த அம்மா எப்போதும் எனக்கு வசதியாகவே பதில் சொன்னார். நிரோஷாவைப் போல ஒன்று உன் தலைக்குள்ளும் உருவாகத் தொடங்கியிருக்கும். அது நன்றாகப் பேசும். அதை நம்பாதே. சமையலறைக்குப் போய் உண்மையான பிள்ளையிடம் கேள்.

அந்த "ஓம் மகன், வாறன்" என்ற குரலை நான் ஏன் அன்றைக்கே மறுக்கவில்லை என்றால், அது எனக்கும் தேவைப்பட்ட ஓம். தூக்கி, கழுவி, ஊட்டி, நான் களைத்துப் போயிருந்தேன். உனக்கும் அது தேவை, அம்மாவை இங்கே விட்டுவிட்டுக் கொழும்பில் சிரித்துப் பேசிக் குடும்பம் நடத்த உன் மனம் விடாது. நம் இரண்டு பேருக்கும் வேண்டிய பதிலை அது சரியாக ஊகித்துவிட்டது. வேறொன்றையும் நினைத்துப் பார். இந்த வீட்டை விட்டு எப்போது வெளிக்கிடுவது என்பதை நான் ஒருபோதும் முடிவெடுத்ததில்லை. சண்டைக் காலத்தில், நீ இடுப்பில் இருந்த பிள்ளை, எல்லாரும் இந்தியாவுக்குப் படகு ஏறினார்கள். நான் பெட்டியோடு தண்ணீரில் இறங்கிவிட்டேன். அம்மா கரையில் நின்று, "நான் ஏற மாட்டன். பிள்ளையையும் தர மாட்டன். நீங்கள் வேணுமெண்டாப் போங்கோ" என்றார். நான் நனைந்த பெட்டியோடு திரும்பி வந்தேன். பிறகு ஒரு நாள், ஒருவரும் வெளிக்கிடாதபோது, "இண்டைக்குப் போறம்" என்றார், மாதா கோயில் இருக்கிற மடுப்பக்கம் போனோம். ஏன் அன்றைக்கு இல்லை, ஏன் இன்றைக்கு என்று நான் கேட்கவில்லை. திரும்பி வந்ததும் அவர் சொல்லித்தான். அப்படிப்பட்டவரை இந்த முறை ஓர் ஊகத்தின் பேரில் அனுப்பப் பார்த்தோம்.

நேற்றுக் காலையில் கைத்தொலைபேசியை நிற்பாட்டி அலுமாரிக்குள் வைத்தேன். பயணப் பையைக் கொண்டுவந்து கட்டிலில் திறந்து வைத்தேன், பக்கத்தில் தோய்த்துக் காய்ந்த உடுப்புகள் குவிந்து கிடந்தன. அம்மாவின் இடப்பக்கத்தில் இருந்து, பையைக் காட்டி, மெதுவாகச் சொன்னேன். "கொழும்புக்கு. மகன்ர வீட்டுக்குக் கிட்ட ஒரு இடம். உம்மை வடிவாப் பாப்பினம். நான் இஞ்ச இருப்பன்." பிறகு வாயை மூடிக்கொண்டேன். அது எனக்கு எவ்வளவு கஷ்டம் தெரியுமா? அம்மா பையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். வெளியே ஒரு படகு கரைக்கு வந்து, எஞ்சின் நின்று, ஆட்கள் மீன் இறக்கி முடியும் சத்தமும் கேட்டது. பிறகு அவர் கையை நீட்டி, குவியலிலிருந்து தன்னுடைய சட்டை ஒன்றை இழுத்துப் பைக்குள் போட்டார். அப்போ போகத்தான் நினைக்கிறார் என்று எனக்குப் பட்டது. அவர் மறுபடியும் குவியலுக்குள் தேடினார். என்னுடைய சாரத்தை எடுத்துத் தன் சட்டைக்கு மேல் வைத்தார். கொஞ்ச நேரம் பார்த்தார். அதை வெளியே எடுத்தார். எடுத்து மடியில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"நானும் வரவோ?" என்று கேட்டேன். அவர் சாரத்தைத் தடவிக்கொண்டிருந்தார். பிலோமினாக்காவிடம் சொன்னபோது, "உம்மை வேண்டாமெண்டு எடுத்துப்போட்டா, இன்னும் விளங்கேல்லையோ?" என்று சிரித்தார். சிரித்துவிட்டு முந்தானையால் கண்ணைத் துடைத்தார். அம்மா அப்படிச் செய்தது நீரும் வாரும் என்பதா, உம்மைக் கடற்கரையிலிருந்து பிரிக்க எனக்கு மனமில்லை என்பதா, நான் போனால் இதை யார் தோய்ப்பார் என்பதா? அலுமாரிக்குள் இருப்பதிடம் கேட்டால் உடனே ஒரு வசனம் சொல்லியிருக்கும். நான் திறக்கவில்லை. ஆனால் ஒன்று விளங்கியது. நாம் கேட்ட கேள்வியே பிழை. "அம்மா, வாறீங்களோ?" என்று கேட்டோம். அந்தக் கேள்விக்குள் நான் இல்லை. உன் இயந்திரம் கேட்ட கேள்விக்கு ஒழுங்காகப் பதில் சொன்னது. உன் அம்மா அந்தக் கேள்வியைக் கையில் எடுத்துப் பார்த்து, இதில் ஒரு ஆள் குறைகிறது என்று கண்டுபிடித்தார். அவ்வளவு தெரிந்த பிறகு, என்னைப் பற்றியது நான் சொல்ல வேண்டிய பதில். சொல்கிறேன். அவர் போனால் நானும் போவேன். கொட்டிலைப் பூட்டி, திறப்பைப் பிலோமினாக்காவிடம் கொடுத்துவிட்டு, கொழும்பில் எந்தக் கடலைக் காட்டுகிறாயோ அதைப் பார்த்துக்கொண்டு இருப்பேன். அவர் இங்கேயே இருந்தால் நானும் இருப்பேன், களைத்தால் உதவிக்கு ஆள் பிடிப்போம்.

மிச்சப் பாதி அம்மாவுடையது. அதை நானும் ஊகிக்க மாட்டேன். வான்காரரிடம் வரவேண்டாம் என்று சொல்லிவிட்டேன், உனக்குக் கோபம் வரும், வரட்டும். கல்யாணத்துக்கு முன்னம் ஒரு நாள் நீ வா. மகனாக வா, கையில் ஒன்றும் இல்லாமல். அம்மாவின் வலப்பக்கம் இருக்காதே, அந்தப் பக்கத்தில் அவருக்குப் பார்வை விழுவதில்லை. இடப்பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டு, கையைப் பிடித்து, அவரும் நானும் சேர்ந்து கொழும்புக்கு வருவதா, சேர்ந்து இங்கேயே இருப்பதா என்று கேள். காலையில் ஒருமுறை, பின்னேரம் ஒருமுறை, விடிந்து மறுபடியும் ஒருமுறை கேள். முதல் தலையாட்டலைப் பிடித்துக்கொண்டு எழும்பிவிடாதே. என் முகத்தைப் பார்க்காதே, நான் காட்டிக்கொடுத்துவிடுவேன்.

கேட்ட பிறகு அவர் நேரம் எடுப்பார், மகன். நெடு நேரம் எடுப்பார். அந்த நேரத்துக்குள் நீ ஒன்றும் சொல்லாதே.

அப்பா